உயிரின் மாண்பும் கருணைக்கொலையும்

முன்னுரை

இளங்கலை இரண்டாம் ஆண்டு வகுப்பில் ஒரு நாள் புறநானூற்றுப் பாடம் நடந்துகொண்டிருந்தது. கோப்பெருஞ்சோழன் வடக்கிருந்து உயிர் நீத்த வரலாற்றையும், அவனை நேரிற் காணாமலேயே நட்புப் பூண்ட பிசிராந்தையார் அவனைத் தொடர்ந்து உயிர் துறந்த செய்தியையும் விளக்கி முடித்திருந்தேன். பின்வரிசையிலிருந்து மாணவர் ஒருவர் எழுந்து, "ஐயா, தீராத நோயில் கிடப்பவர் தாமே சாவை வேண்டிக் கேட்டால், அதைக் கொடுப்பது பாவமா, இரக்கமா?" என்று வினவினார். "உயிரைக் கொடுத்தவன் இறைவன், எடுப்பவனும் அவனே. மனிதன் அதில் தலையிடலாகாது" என்று கூறினேன். மணி அடித்துவிட்டமையால் வகுப்பும் அத்துடன் முடிந்தது. அவர் மறுமொழி எதுவும் கூறாமல் அமர்ந்துவிட்டார்.

நான் கூறியதில் பிழையில்லை. ஆயினும், அது முழுமையான விடையன்று என்பதைப் பின்னரே உணர்ந்தேன். அம்மாணவரின் தந்தையார் தொண்டைப் புற்றுநோயால் ஏழு மாதங்களாகப் படுக்கையில் கிடந்தார் என்பதும், அவ்வினா நூலிலிருந்து பிறந்ததன்று, வீட்டிலிருந்து பிறந்தது என்பதும் ஒரு திங்கள் கழித்தே எனக்குத் தெரியவந்தன. அன்று இரண்டு வாக்கியங்களில் முடித்துவிட்ட விடையை, அதற்குரிய பொறுப்புடன் மீண்டும் எண்ணிப் பார்க்கும் முயற்சியே இக்கட்டுரை.

சொல்லும் பொருளும்

கருணைக்கொலையைக் குறிக்க உலகெங்கும் வழங்கும் 'யூதனேசியா' என்னும் சொல் கிரேக்க மொழியில் வேர் கொண்டது. 'யூ' என்றால் நல்ல. 'தனடோஸ்' என்றால் சாவு. எனவே, நற்சாவு என்பதே அதன் நேர்ப்பொருள். நற்சாவை வேண்டாதார் யார்? ஆனால், காலப்போக்கில் அச்சொல், துன்பம் நீங்கும் பொருட்டு ஒருவரின் உயிரை வேண்டுமென்றே போக்குதல் என்னும் பொருளைப் பெற்றுவிட்டது. இவ்விடத்தில் நம் தமிழ்ச்சொல் கிரேக்கச் சொல்லைக் காட்டிலும் நேர்மையானது எனலாம். 'கருணைக்கொலை' என்னும் தொடர் கருணையையும் மறுக்கவில்லை; கொலையையும் மறைக்கவில்லை.

இப்பொருள் பற்றிய குழப்பங்கள் பலவும், வெவ்வேறு செயல்களை ஒரே பெயரால் வழங்குவதனால் விளைபவை. நோயாளி வேண்டினார் என்பதற்காக மருத்துவர் தம் கையாலேயே உயிர்போக்கும் மருந்தைச் செலுத்துவது ஒன்று. அத்தகைய மருந்தை வாங்கிக் கொடுத்து நோயாளி தாமே உட்கொள்ளச் செய்வது மற்றொன்று. இவ்விரண்டிலும் சாவே நோக்கம். இனிப் பயனில்லை என்று தெளிந்த நிலையில் சிகிச்சையை நிறுத்துவதோ, தொடங்காமல் விடுவதோ மூன்றாவது வகை. வலியைத் தணிக்க வேண்டிய அளவு மருந்து கொடுப்பது நான்காவது. பின்னவை இரண்டிலும் சாவு நோக்கமன்று; ஒன்றில் வீணான துன்பத்தைத் தவிர்ப்பதும், மற்றொன்றில் வலி நீக்குவதுமே நோக்கம். இவ்வேறுபாட்டை மனத்திற்கொண்டால்தான் மேற்கொண்டு சிந்திக்க இயலும்.

உயிர் யாருக்குரியது?

கருணைக்கொலையை ஆதரிப்போரின் முதல் வாதம், 'என் உயிர் எனக்குரியது; அதனை எப்போது முடிப்பது என்று தீர்மானிக்கும் உரிமையும் எனக்கே உண்டு' என்பதாகும். இஸ்லாம் இவ்வாதத்தின் அடிப்படையையே ஏற்பதில்லை. உயிர் இறைவனால் மனிதனிடம் ஒப்படைக்கப்பட்ட அமானிதம். அமானிதப் பொருளைக் காப்பதற்கு உரிமை உண்டு; பயன்கொள்வதற்கு உரிமை உண்டு; அழிப்பதற்கு உரிமை இல்லை. திருக்குர்ஆனின் ஐந்தாம் அத்தியாயம், ஓர் உயிரை அநியாயமாகப் பறிப்பதை மனித குலம் முழுவதையும் அழிப்பதற்கும், ஓர் உயிரை வாழவைப்பதை மனித குலம் முழுவதையும் வாழவைப்பதற்கும் ஒப்பிடுகின்றது. இமாம் கஸ்ஸாலி (ரஹ்) அவர்கள், மார்க்கச் சட்டம் காக்க விழையும் அடிப்படைகள் ஐந்து என வகுத்து, மார்க்கத்தை அடுத்து உயிரையே வைத்திருப்பது கருதத்தக்கது.

வலி மிகுந்துவிட்டால் இவ்விதி தளருமா என்னும் கேள்வி எழலாம். போர்க்களத்தில் எல்லோரையும் வியக்கவைத்துப் போரிட்ட வீரர் ஒருவர், காயத்தின் வேதனை தாங்காமல் தம் வாள்முனையிலேயே வீழ்ந்து உயிரை மாய்த்துக்கொண்டார். அவர் தோழர்களால் புகழப்பட்டவராயினும், நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் அச்செயலை ஏற்கவில்லை என்பது ஸஹீஹ் புகாரியில் பதிவாகியுள்ளது. துன்பத்தின் காரணமாகச் சாவை விரும்புவதையே நபியவர்கள் தடுத்தார்கள்; தவிர்க்க இயலாதெனில், வாழ்வு நன்மையாயிருக்கும்வரை வாழ்வையும், சாவு நன்மையாயிருக்கும்போது சாவையும் தருமாறு இறைவனிடமே வேண்டக் கற்பித்தார்கள். முடிவு மனிதன் கையில் வைக்கப்படவில்லை என்பதோடு, அவன் வேதனையைச் சொல்லி அழுவதற்கு வாயில் அடைக்கப்படவுமில்லை என்பது ஈண்டு நோக்கத்தக்கது.

இவ்வுயிர் மாண்பு முஸ்லிம்களுக்கு மட்டும் உரியதன்று. மதீனாவில் யூதர் ஒருவரின் சவ ஊர்வலம் கடந்தபோது நபியவர்கள் எழுந்து நின்றார்கள். இறந்தவர் யூதர் என்று தோழர்கள் கூற, அவரும் ஓர் உயிரல்லவா என்னும் பொருள்பட மறுவினா எழுப்பினார்கள். சமயம், செல்வம், உடல்வலிமை, பயன்பாடு ஆகிய எதனையும் கேட்காமல் உயிர் என்னும் ஒரே தகுதியால் மதிக்கப்படும் நிலையே மாண்பு என்பது. இக்கருத்தில் பிற சமயங்களும் அறநூல்களும் பெரிதும் உடன்படுகின்றன. கொல்லாமைக்கெனத் திருவள்ளுவர் தனி அதிகாரமே வகுத்தார். கிரேக்க மருத்துவர் ஹிப்போகிரேட்டஸ் பெயரால் வழங்கும் உறுதிமொழியும், கேட்பவர் யாராயினும் உயிர்போக்கும் மருந்தைத் தருவதில்லை என்று மருத்துவரைக் கட்டுப்படுத்துகின்றது.

எதிர்வாதத்தின் வலிமை

எதிர்த்தரப்பினரின் வாதத்தை எளிதாகத் தள்ளிவிடுதல் நேர்மையாகாது. 1928ஆம் ஆண்டில் சபர்மதி ஆசிரமத்தில் கன்று ஒன்று நோயுற்றுப் புரண்டுகூடப் படுக்க இயலாமல் துடித்தது. காந்தியடிகள் மருத்துவரைக் கொண்டு ஊசிமூலம் அதன் உயிரை முடிக்கச் செய்தார். அகிம்சையின் தூதர் இவ்வாறு செய்யலாமா என்று நாடெங்கும் கண்டனம் எழுந்தது. 'கன்றுக்குக் காட்டிய இரக்கத்தை மனிதனுக்கு மறுப்பதேன்?' என்பதே இன்றளவும் கருணைக்கொலையை ஆதரிப்போரின் கூர்மையான வினா.

அவ்வினாவை எதிர்கொண்ட காந்தியடிகள், மனிதர்க்கும் அது பொருந்தக்கூடும் என்பதை மறுக்கவில்லை. ஆனால், நான்கு நிபந்தனைகளை விதித்தார். நோய் தீராததாக இருத்தல் வேண்டும். எல்லோரும் நம்பிக்கை இழந்திருத்தல் வேண்டும். எவ்வகை உதவியோ சேவையோ செய்ய இயலாத நிலை வேண்டும். நோயுற்ற உயிர் தன் விருப்பத்தை வெளியிட இயலாதிருத்தல் வேண்டும். இவற்றுள் மூன்றாவதே நாம் ஆழ்ந்து நோக்க வேண்டியது. மார்க்க அடிப்படையில் நாம் காந்தியடிகளின் முடிவை ஏற்காவிட்டாலும், அவர் வைத்த அந்த நிபந்தனையைக் கடந்து செல்ல இயலாது. ஒரு மனிதர்க்கு இனிச் செய்யக்கூடிய சேவை எதுவுமே இல்லை என்று சொல்லும் தகுதி யாருக்கு உண்டு? எல்லாச் சேவையையும் செய்து முடித்தவர்க்கல்லவா அத்தகுதி வரும்?

தமிழ் மரபில் இருவேறு காட்சிகள்

வடக்கிருத்தலைச் சான்றாகக் காட்டித் தமிழ் மரபு கருணைக்கொலையை ஏற்றது என்று கூறுவார் உளர். அது பொருந்தாது. கோப்பெருஞ்சோழன் நோயின் கொடுமையால் வடக்கிருக்கவில்லை. மக்களோடு நேர்ந்த பகையால் விளைந்த மானவுணர்வே காரணம். பிசிராந்தையாரை நட்புணர்வு செலுத்தியது. மேலும், அங்கு எவரும் எவரையும் கொல்லவில்லை. இஸ்லாமிய நோக்கில் அச்செயல் ஏற்புடையதன்று. எனினும், இலக்கிய மாணவர் அதனைக் கருணைக்கொலையோடு குழப்பிக்கொள்ளலாகாது.

நோயாளியைப் பற்றித் தமிழ் இலக்கியம் என்ன கூறுகின்றது என்று அறிய விரும்புவோர் மணிமேகலையை நோக்குதல் வேண்டும். ஆபுத்திரன் தான் இரந்து பெற்ற சோற்றைத் தனக்கென வைத்துக்கொள்ளவில்லை. பார்வையற்றோர், செவிப்புலனற்றோர், கால் முடம்பட்டோர், பிணியால் நடுங்குவோர் ஆகியோரை அழைத்து உண்பித்தான் என்கிறது அக்காப்பியம். அப்பட்டியலில் பேணுவார் இல்லாதோரையும் சாத்தனார் சேர்த்திருப்பது எண்ணி மகிழத்தக்கது. பேணுவார் இன்மையே ஒரு பிணி என்று அவர் கண்டார் போலும்.

இதற்கு நேர்மாறான காட்சியும் நம் மண்ணில் உண்டு. தென்மாவட்டச் சிற்றூர்கள் சிலவற்றில், படுக்கையிற் கிடக்கும் முதியோரை எண்ணெய் முழுக்காட்டிச் சாகவிடும் 'தலைக்கூத்தல்' என்னும் வழக்கம் நெடுங்காலம் இருந்துவந்தது. 2010ஆம் ஆண்டில் விருதுநகர் வட்டாரத்து முதியவர் ஒருவர், தம் வீட்டார் தமக்கு அவ்வேற்பாடு செய்வதை அறிந்து உறவினர் வீட்டுக்குத் தப்பிச் சென்ற செய்தி வெளிவந்த பின்னரே நாட்டின் கவனம் அதன்மேல் திரும்பியது. இவ்வழக்கத்தைப் பொருளாகக் கொண்ட 'பாரம்' என்னும் தமிழ்த் திரைப்படம், தமிழில் சிறந்த படத்துக்கான தேசிய விருதைப் பெற்றது. படத்தின் பெயரே ஒரு விளக்கவுரை. அங்கு முதியவரின் வலியைக் காட்டிலும், அவரைத் தாங்கும் குடும்பத்தின் பாரமே முடிவைத் தீர்மானித்தது. நாள்கூலிக்குச் செல்லாவிட்டால் அடுப்பெரியாத வீட்டில் படுக்கையிற் கிடப்பவரைப் பார்த்துக்கொள்ள ஆள் இல்லை. அக்குடும்பங்களைக் கொலைகாரர் என்று ஏசிவிட்டு நகர்வது எளிது. அவர்களுடைய வறுமைக்கும் தனிமைக்கும் ஊர் என்ன செய்தது என்று கேட்பது கடினம். யாருக்காகக் காட்டப்படும் கருணை அது என்னும் கேள்வி ஒவ்வொரு கருணைக்கொலையின் முன்னும் எழுப்பப்பட வேண்டிய ஒன்றாகும்.

வரலாறு தரும் எச்சரிக்கை

ஜெர்மனியில் இட்லர் 1939 செப்டம்பர் 1 என்று நாளிட்ட கடிதம் ஒன்றின்மூலம், தீரா நோயாளர்க்குக் 'கருணைச் சாவு' வழங்கும் அதிகாரத்தை மருத்துவர்களுக்கு அளித்தான். மனநோயாளர்களும் உடற்குறையுடையோரும் மருத்துவ நிலையங்களிலிருந்து பேருந்துகளில் ஏற்றிச் செல்லப்பட்டனர். 1941 ஆகஸ்டு வரையிலான காலத்தில் மட்டும் எழுபதாயிரத்துக்கும் மேற்பட்டோர் நச்சுவாயுவால் கொல்லப்பட்டனர். அவர்களுள் எவரும் சாவை வேண்டவில்லை. அவ்வாண்டு ஆகஸ்டு 3ஆம் நாள் மியூன்ஸ்டர் நகரப் பேராயர் வான் காலன் இதனை வெளிப்படையாகக் கண்டித்துப் பேசினார். உழைக்க இயலாதவனைக் கொல்லலாம் என்றால் நாளை நாம் முதுமையுறும்போது நமக்கும் அதே கதிதான் என்று அவர் எச்சரித்தார். அம்மாத இறுதியில் அத்திட்டம் வெளித்தோற்றத்துக்கு நிறுத்தப்பட்டது. ஆயினும், மறைமுகக் கொலைகள் தொடர்ந்தன.

இன்றைய சட்டங்களை அக்கொடுமையோடு ஒப்பிடுதல் முறையன்று. இன்றைய சட்டங்கள் நோயாளியின் விருப்பத்தை அடிப்படையாகக் கொண்டவை. பல கட்டுப்பாடுகளை உடையவை. ஆயினும், ஒருமுறை திறந்த வாயில் விரிந்துகொண்டே செல்வதை எண்கள் காட்டுகின்றன. 2002 ஏப்ரலில் கருணைக்கொலைச் சட்டத்தை நடைமுறைப்படுத்திய நெதர்லாந்தில், 2003ஆம் ஆண்டில் 1,815 நிகழ்வுகள் பதிவாயின. 2023ஆம் ஆண்டில் அவை 9,068 ஆக உயர்ந்தன. பெல்ஜியம் 2002இல் இயற்றிய சட்டத்தில் இருந்த வயது வரம்பை 2014இல் நீக்கியது. கனடா நாடு 2016இல், இயற்கைச் சாவு நெருங்கியவர்க்கு மட்டும் என்று தொடங்கியது. 2021இல் சாவு நெருங்காதவர்க்கும் அதனை விரித்தது. மருத்துவரால் அளிக்கப்பட்ட சாவுகள் அங்கு 2023ஆம் ஆண்டில் மட்டும் 15,343. உரிமை என்று தொடங்குவது மெல்ல மெல்ல எதிர்பார்ப்பாக மாறிவிடுமோ என்னும் அச்சம் அந்நாட்டு மாற்றுத்திறனாளர் அமைப்புகளாலேயே எழுப்பப்படுகின்றது. 'நான் ஏன் இன்னும் வாழ்கிறேன்' என்று ஒரு நோயாளி பிறருக்கு விளக்கம் கூற வேண்டிய நிலை வருமாயின், அதனை விடுதலை என்று எவ்வாறு அழைப்பது?

நம் நாட்டுச் சட்டம்

இந்திய நீதிமன்றங்கள் இப்பொருளை அணுகிய வரலாறு ஒரு செவிலியின் வாழ்வோடு பிணைந்தது. மும்பை கே.இ.எம். மருத்துவமனையில் பணியாற்றிய அருணா ஷான்பாக், 1973 நவம்பர் 27ஆம் நாள் அங்குப் பணிபுரிந்த ஒருவனால் கொடுமையாகத் தாக்கப்பட்டார். கழுத்து நெரிக்கப்பட்டு மூளைக்கு உயிர்வளி தடைப்பட்டமையால் நினைவிழந்த நிலையில் அம்மருத்துவமனையிலேயே கிடந்தார். அவருக்கு உணவளிப்பதை நிறுத்த அனுமதிக்க வேண்டுமென்று எழுத்தாளர் பிங்கி விரானி உச்சநீதிமன்றத்தை நாடினார். அருணாவைப் பேணிவந்த செவிலியரோ, அவரை வாழவிட வேண்டும் என்று கேட்டனர். 2011 மார்ச் 7ஆம் நாள் நீதியரசர்கள் மார்க்கண்டேய கட்ஜு, ஞான் சுதா மிஸ்ரா ஆகியோர் அம்மனுவைத் தள்ளுபடி செய்தனர். அவர் சார்பில் முடிவெடுக்கும் தகுதி, மனுச் செய்தவரைக் காட்டிலும் இத்தனை ஆண்டுகள் பேணியவர்களுக்கே உண்டு என்று நீதிமன்றம் கருதியது. அதே தீர்ப்பில், உயர்நீதிமன்றத்தின் அனுமதியோடு சிகிச்சையை நிறுத்துவதற்கு வழியும் வகுக்கப்பட்டது.

அருணா 2015 மே 18ஆம் நாள் நுரையீரல் அழற்சியால் இயல்பாகவே இறந்தார். ஏறத்தாழ 42 ஆண்டுகள் படுக்கையிற் கிடந்த அவருடைய உடலில் படுக்கைப்புண் உண்டாகாதவாறு, தலைமுறை தலைமுறையாக மாறிவந்த செவிலியர் அவரைப் பேணினர். அவர்களுள் பலர் அருணா தாக்கப்பட்டபோது பிறந்திராதவர்கள். உயிர் மாண்பு பற்றி நூல்கள் பேசுகின்றன. அச்செவிலியர் அதனைக் கைகளால் செய்து காட்டினர்.

பின்னர், 2018 மார்ச் 9ஆம் நாள், தலைமை நீதிபதி தீபக் மிஸ்ரா தலைமையிலான ஐந்து நீதிபதிகள் அமர்வு, கண்ணியத்துடன் இறப்பதும் வாழ்வுரிமையின் பகுதியே என்று தீர்ப்பளித்தது. தேறும் வாய்ப்பற்ற நிலை வந்தால் எத்தகைய சிகிச்சை தமக்கு வேண்டாம் என்பதை ஒருவர் முன்னரே எழுதிவைக்கும் 'லிவிங் வில்' என்னும் முன்விருப்ப ஆவணம் செல்லும் என்றும் கூறியது. நடைமுறை மிகக் கடினமாக இருந்தமையால் 2023 ஜனவரி 24ஆம் நாள் அது எளிதாக்கப்பட்டது. நீதித்துறை நடுவரின் கையொப்பத்துக்கு மாற்றாக நோட்டரி அல்லது அரசிதழ் பதிவு பெற்ற அலுவலரின் சான்று போதும் என்றும், இரண்டு மருத்துவக் குழுக்கள் நோயாளியின் நிலையை ஆராய்தல் வேண்டும் என்றும் விதிக்கப்பட்டது. ஆனால், ஊசியாலோ மருந்தாலோ உயிரைப் போக்குதல் இந்நாட்டில் குற்றமே. வேண்டிக் கேட்டதனால் செய்தேன் என்பது தண்டனையைக் குறைக்கலாம், குற்றத்தை அழிக்காது.

கொல்லுதலும் விடுதலும்

சிகிச்சையை நிறுத்துவதும் கொலைதானே என்று நம் மக்களிடையே ஓர் ஐயம் உண்டு. வென்டிலேட்டர் எனப்படும் செயற்கைச் சுவாசக் கருவியை அகற்றக் கையொப்பமிட்ட பிள்ளைகள், தந்தையைக் கொன்றுவிட்டோமோ என்று ஆண்டுக்கணக்கில் உள்ளம் வெதும்புவதைக் கண்டிருக்கின்றேன். அவர்களுக்கு மார்க்க அறிவு ஆறுதல் தர வல்லது.

மருத்துவம் செய்துகொள்ளுமாறு நபியவர்கள் ஏவினார்கள். முதுமையைத் தவிர எல்லா நோய்க்கும் இறைவன் மருந்து வைத்துள்ளான் என்றும் அறிவித்தார்கள். அதே நேரத்தில், வலிப்பு நோயுற்ற பெண்மணி ஒருவர் தமக்காகப் பிரார்த்திக்குமாறு வேண்டியபோது, பொறுத்துக்கொண்டால் சுவர்க்கம், விரும்பினால் குணம்பெறப் பிரார்த்தனை என்று இரு வழிகளையும் அவர் முன் வைத்தார்கள். அப்பெண்மணி பொறுமையைத் தேர்ந்தார். வலிப்பின்போது தம் ஆடை விலகாதிருக்க மட்டும் பிரார்த்திக்கக் கேட்டார். குணத்தைத் தேடாமல் விடுதல் எல்லா நிலையிலும் பாவமன்று என்பதற்கு மார்க்க அறிஞர் இந்நிகழ்ச்சியைச் சான்றாகக் காட்டுவர். தம் நோயைப் பொறுத்துக்கொண்ட அம்மாதரசி தம் கண்ணியத்தை விட்டுக்கொடுக்கவில்லை என்பதும் நம் சிந்தனைக்குரியது.

இக்கால அறிஞரும் இவ்வழியே சென்றுள்ளனர். 1981இல் குவைத்தில் கூடிய இஸ்லாமிய மருத்துவ மாநாட்டின் நெறிமுறை, இரக்கத்தின் பெயராலும் மருத்துவர் உயிரைப் பறித்தலாகாது என்றது. அதே ஆவணம், மருத்துவர் தம் எல்லையை உணர்தல் வேண்டும் என்றும், மீட்க இயலாத நிலையில் வீண் முயற்சிகளால் உடலை இயக்கிக்கொண்டிருத்தல் வேண்டியதில்லை என்றும் கூறியது. 1986இல் அம்மான் நகரில் கூடிய பன்னாட்டு ஃபிக்ஹ் அகாடமி, மூளை முற்றிலும் செயலிழந்து மீளாது என்று வல்லுநர் உறுதிசெய்தால் செயற்கைக் கருவிகளை அகற்றலாம் என்று முடிவு செய்தது. கத்தோலிக்கத் திருச்சபையின் தலைவர் பன்னிரண்டாம் பத்திநாதரும் 1957இல், வழக்கத்துக்கு மீறிய கடும் சிகிச்சை முறைகளைக் கைக்கொள்ளும் கடப்பாடு எவர்க்கும் இல்லை என்று மருத்துவர்களிடம் விளக்கினார். கருவியை அகற்றியபின் நோயே உயிரைக் கொண்டுசெல்கின்றது. மனிதன் வழிமறிப்பதை நிறுத்தினான், அவ்வளவே. செயல்கள் எண்ணங்களைப் பொறுத்தவை என்னும் நிய்யத்துக் கோட்பாடு இங்கு வழிகாட்டும். வலிதணிக்க உரிய அளவில் கொடுக்கும் மருந்தும் இவ்வாறே குற்றமாகாது.

வேண்டுகோளின் உட்பொருள்

சாவை வேண்டும் நோயாளி உண்மையில் எதனை வேண்டுகின்றார்? அமெரிக்காவின் ஓரிகன் மாநிலத்தில் 1997 முதல் மருத்துவர் உதவியோடு உயிர் துறத்தல் சட்டப்படி ஏற்கப்பட்டுள்ளது. அம்மாநில அரசு ஆண்டுதோறும் வெளியிடும் அறிக்கைகளில், நோயாளர் கூறும் காரணங்களுள் முதலிடத்தில் நிற்பவை தம் விருப்பப்படி இயங்க இயலாமை, வாழ்வில் மகிழ்ச்சி தரும் செயல்களில் ஈடுபட இயலாமை, கண்ணிய இழப்பு ஆகியவை. குடும்பத்துக்குப் பாரமாகிவிட்டோம் என்னும் கவலையும் பலரிடம் காணப்படுகின்றது. வலியோ இவற்றுக்குப் பின்னரே இடம்பெறுகின்றது. ஆக, சாவு வேண்டும் என்னும் சொல்லுக்குள் வேறு பல சொற்கள் ஒளிந்துள்ளன.

முன்னர்க் குறிப்பிட்ட மாணவரின் இல்லத்துக்கு நானும் துறை நண்பர் ஒருவரும் சென்றோம். தந்தையார் சுமைதூக்கும் தொழிலாளியாக இருந்தவர். பேச இயலாமல் சிலேட்டில் எழுதிக் காட்டினார். "போதும் சார், முடிச்சுவிடச் சொல்லுங்க" என்பதே அவர் எனக்கு எழுதிய முதல் வாக்கியம். அவர் மனைவி முகத்தைத் திருப்பிக்கொண்டார். இரவெல்லாம் வலியால் அவர் தூங்குவதில்லை. அதனால் வீட்டில் எவரும் தூங்குவதில்லை. சிகிச்சை பெற்ற மருத்துவமனையில் இனிச் செய்வதற்கு ஒன்றுமில்லை, வீட்டுக்குக் கொண்டுசெல்லுங்கள் என்று கூறி அனுப்பியிருந்தனர். வலிக்கு மருந்து உண்டு என்பதை அவர்களுக்கு எவரும் கூறவில்லை.

எங்கள் நண்பரின் உறவினரான மருத்துவர் ஒருவர்மூலம் வலிதணிப்புச் சிகிச்சைப் பிரிவு ஒன்றைத் தேடிச் சென்றோம். மார்ஃபின் மாத்திரை உரிய அளவில் தரப்பட்டது. புண்ணைத் தூய்மை செய்யும் முறையை அம்மாணவருக்கும் அவர் தாயாருக்கும் செவிலி ஒருவர் கற்றுக்கொடுத்தார். ஒரு வாரத்தில் அவர் இரவில் உறங்கலானார். அடுத்த முறை நான் சென்றபோது, சிலேட்டில் தம் மகனின் வருகைப்பதிவு குறைந்துவிட்டதா என்று கேட்டு எழுதினார். நோய் தீரவில்லை, நான்கு மாதங்களில் தம் வீட்டிலேயே இறந்தார். ஆனால், சாவைக் கேட்டு அவர் மீண்டும் எழுதவில்லை.

எல்லா நோயாளர்க்கும் இவ்வாறே நிகழும் என்று கூறமாட்டேன். மருந்துக்குக் கட்டுப்படாத வலியும் உண்டு; ஆறுதல் சென்றடையாத துயரமும் உண்டு. ஆயினும், அந்த ஏழு மாதங்களில் அவர் கேட்டது சாவையன்று, ஓர் இரவுத் தூக்கத்தை என்பதை நான் கண்கூடாகக் கண்டேன். வகுப்பில் நான் தந்த விடையில் இல்லாமற்போனது இதுவே.

பேணுதல் என்னும் கடமை

மருத்துவத்தின் நான்கு உறுப்புகளாக நோயாளி, மருத்துவர், மருந்து ஆகியவற்றோடு அருகிருந்து பணிசெய்பவரையும் திருவள்ளுவர் எண்ணினார். முதல் மூன்றும் கைவிட்ட பின்னரும் நான்காவது எஞ்சி நிற்கும். அந்த நான்காம் உறுப்பை ஒரு துறையாகவே வளர்த்தவர் இலண்டனில் 1967இல் செயிண்ட் கிறிஸ்டோபர் இல்லத்தை நிறுவிய சிசிலி சாண்டர்ஸ் அம்மையார். நம் அண்டை மாநிலமான கேரளத்தில், 1993இல் கோழிக்கோடு மருத்துவக் கல்லூரியில் மருத்துவர் எம்.ஆர். ராஜகோபால் முதலியோர் வலிதணிப்புச் சங்கம் ஒன்றைத் தொடங்கினர். பின்னர், மலப்புரம் மாவட்டத்திலிருந்து அது ஊர்தோறும் தன்னார்வலர் இயக்கமாகப் பரவியது. மாணவரும் வணிகரும் இல்லத்தரசியரும் வாரத்தில் சில மணி நேரம் தம் தெருவிலுள்ள நோயாளியைப் பார்க்கச் செல்கின்றனர். 2008இல் கேரள அரசு இதற்கெனத் தனிக்கொள்கையே வகுத்தது. தமிழ்நாட்டில் 2021இல் தொடங்கப்பட்ட 'மக்களைத் தேடி மருத்துவம்' திட்டமும் வீடு தேடிச் செல்லும் வலிதணிப்புச் சேவையை உள்ளடக்கியது.

சட்டப்படி அபினி விளைவிக்கும் நாடுகளுள் இந்தியாவும் ஒன்று. மார்ஃபின் அதிலிருந்தே எடுக்கப்படுகின்றது. ஆயினும், 1985ஆம் ஆண்டுப் போதைப்பொருள் தடுப்புச் சட்டத்தின் கெடுபிடிகளால் நம் நோயாளர் நெடுங்காலம் அம்மருந்தின்றித் துடித்தனர். 2014இல் அச்சட்டம் திருத்தப்பட்டது. மருத்துவர் மேற்பார்வையில் வலிக்காகக் கொடுக்கப்படும் மார்ஃபின் போதையன்று, மருந்து என்பதை இன்னும் நம் குடும்பங்கள் அறியவில்லை. ஹராமோ என்று அஞ்சி மறுப்பாரும் உளர். ஜும்ஆ மேடையிலிருந்து ஆலிம்கள் இதனை ஒருமுறை விளக்கினால் எத்தனையோ இல்லங்களில் இரவு அமைதியாகும்.

நோயாளியை நலம் விசாரித்தல் நம் மார்க்கத்தில் ஒரு முஸ்லிமின்மீது மற்றவர்க்குள்ள உரிமை. மறுமையில் இறைவன், தான் நோயுற்றிருந்தபோது காண வரவில்லையே என்று அடியானிடம் வினவுவான் என்றும், நோயுற்ற அடியானைக் கண்டிருந்தால் அங்குத் தன்னைக் கண்டிருப்பாய் என்று உணர்த்துவான் என்றும் நபிமொழி உரைக்கின்றது. இவ்வளவு உயர்வாகச் சொல்லப்பட்ட கடமையை நாம் பழத்தட்டோடு சென்று பத்து நிமிடம் அமர்ந்து திரும்பும் சடங்காகச் சுருக்கிவிட்டோம். மகல்லாதோறும் ஜமாஅத்தார் நீர்ப்படுக்கை, சக்கர நாற்காலி, உயிர்வளி உருளை ஆகியவற்றை வாங்கிவைத்துச் சாதி சமயம் பாராது இரவலாகத் தரலாம். நம் கல்லூரியின் நாட்டு நலப்பணித் திட்ட மாணவர் இரவு விழித்திருக்கும் ஒரு தாய்க்கு வாரத்தில் ஒரு பகலேனும் ஓய்வு தரலாம். இவை பெருஞ்செலவு பிடிப்பவையல்ல.

முடிவுரை

உயிர் இறைவனின் அமானிதம். அதனைப் போக்கும் உரிமை நோயாளிக்கும் இல்லை, மருத்துவருக்கும் இல்லை, குடும்பத்துக்கும் இல்லை. பயனற்ற சிகிச்சையால் சாவை நீட்டிக்கும் கடமையும் எவர்க்கும் இல்லை. இவ்விரண்டு எல்லைகளுக்கும் இடையே இருப்பது பேணுதல் என்னும் பெரும்பரப்பு. அமானிதம் நோயாளியிடம் மட்டும் ஒப்படைக்கப்படவில்லை. அவரைச் சுற்றியுள்ள நம்மிடமும் ஒப்படைக்கப்பட்டுள்ளது. 'கொல்லாதே' என்று கூறும் நாவுக்கு, 'நான் பார்த்துக்கொள்கிறேன்' என்று கூறும் கடமையும் உண்டு. பின்னதைக் கூறாமல் முன்னதை மட்டும் கூறுவோமாயின், நாம் காப்பது நம் கொள்கையையே அன்றி அவ்வுயிரையன்று.

அம்மாணவர் இன்று பட்டம் பெற்றுச் சென்றுவிட்டார். அவர் எழுப்பிய வினா இவ்வகுப்பறையில் இன்னும் இருக்கின்றது. அடுத்து அதனைக் கேட்க எழுபவர்க்கு, மணி அடித்த பின்னரும் விடை கூற வல்ல இறைவன் எனக்கும் என் போன்ற ஆசிரியர்க்கும் பொறுமையைத் தருவானாக!